வியட்நாமில் பட்டு நூற்பதை நேரில் காண எந்த ஊருக்குச் செல்வது நல்லது?

மல்லிகைப்பந்தல் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். வருகிற ஜனவரி மூன்றாம் வாரத்தில் என் தாயாரையும் 11 வயது மகளையும் அழைத்துக்கொண்டு 12 நாள் பயணமாக வியட்நாம் செல்லவிருக்கிறேன். திருச்சியிலிருந்து நேரடி விமானத்தில் ஹோ சி மின் நகரம், அங்கிருந்து டா லாட், பிறகு டா நாங், ஹோய் ஆன், கடைசியாக ஹனோய் என்று வழி வகுத்திருக்கிறோம். குகைகளும் விரிகுடாவும் மகளுக்காக. அம்மாவுக்காக ஒரு முழு நாளை ஒதுக்கியிருக்கிறேன். அந்த நாளைப் பற்றித்தான் கேட்க வந்தேன்.

அம்மா பிறந்தது ஆரணியில். தாத்தாவின் வீட்டில் இரண்டு தறிகள் ஓடின. பள்ளிவிட்டு வந்து தார் (நாடாவுக்குள் வைக்கும் நூற்குழல்) சுற்றிக் கொடுத்த பிறகே விளையாடப் போக முடியும் என்பது அக்காலத்து வீட்டு விதி. ஆனால் அவர்களுக்கு நூல் எப்போதும் பெங்களூரிலிருந்து சிட்டமாகவே, அதாவது சுற்றிக் கட்டிய நூற்கற்றையாகவே, வந்து சேர்ந்ததால், கூட்டிலிருந்து அது எப்படி உருவப்படுகிறது என்பதை அம்மா இந்த 68 வயது வரைக்கும் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. கர்நாடகத்துக்கு அழைத்துச் சென்றிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். கேட்டால் எனக்கும் விடை தெரியாது. வியட்நாமிலும் பட்டு உண்டு என்று தொலைக்காட்சியில் பார்த்தது முதல் அவர் அதையே பேசிக்கொண்டிருக்கிறார்.

இணையத்தில் தேடினால் ஹோய் ஆனில் ஒரு பட்டுக் கிராமம், ஹனோய்க்கு அருகே வான் ஃபுக் என்ற நெசவூர், டா லாட் பக்கத்தில் ஒரு நூற்பாலை என்று மூன்று பெயர்கள் வருகின்றன. மூன்றுக்கும் போக நேரமில்லை. பயணிகளுக்கென்று பத்து நிமிடம் எதையோ சுற்றிக் காட்டிவிட்டுக் கடைக்குள் தள்ளும் இடமாக இருந்துவிடக் கூடாது என்பதுதான் என் அச்சம். அம்மாவால் நீண்ட தூரம் நடக்க முடியாது. அவர் சைவம் என்பதையும் சொல்லிவிடுகிறேன்; புழுவோடு கூட்டை வேகவைப்பதை நேரில் கண்டால் மனம் கலங்குவாரோ என்றும் யோசிக்கிறேன். சென்று வந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.


வழிப்போக்கன் எழுதியது:

உங்கள் கேள்விக்குள்ளேயே விடை இருக்கிறது. கூட்டிலிருந்து நூல் வருவதைக் காண வேண்டும் என்றால் டா லாட். தறியைக் காண வேண்டும் என்றால் வான் ஃபுக். இந்த வேறுபாடு தெரியாமல் செல்பவர்கள்தாம் ஏமாந்து திரும்புகிறார்கள். வான் ஃபுக்கில் இப்போது புழு வளர்ப்பு இல்லை, நெசவு மட்டுமே. நூலை பாவ் லோக் போன்ற இடங்களிலிருந்து வாங்குகிறார்கள். உங்கள் அம்மாவுக்கு அங்கே போனாலும் சிட்டம்தான் காணக் கிடைக்கும்.

வியட்நாமில் மல்பெரி அதிகம் பயிராவது மத்திய மேட்டுநிலத்து லாம் டோங் மாகாணத்தில். அதன் பட்டுத் தலைநகரம் என்று சொல்லத்தக்கது பாவ் லோக் நகரம். ஹோ சி மின் நகரத்திலிருந்து டா லாட் செல்லும் 20ஆம் எண் தேசிய நெடுஞ்சாலையிலேயே அது இருக்கிறது. ஆனால் அங்குள்ளவை பெரும்பாலும் ஏற்றுமதிக்காக இயங்கும் ஆலைகள். முன்பின் அறியாதவர் வாசலில் போய் நின்றால் உள்ளே விடுவார்கள் என்று எதிர்பார்க்க முடியாது. பயணிகள் எளிதாகக் காணக்கூடியது டா லாட்டிலிருந்து ஏறக்குறைய 30 கிலோமீட்டரில் நாம் பான் என்ற சிற்றூரில் உள்ள நூற்பாலைதான். யானை அருவி என்று அழைக்கப்படும் அருவியும் லின் ஆன் என்ற புத்த விகாரையும் அருகருகே இருப்பதால், டா லாட்டின் மோட்டார் சைக்கிள் வழிகாட்டிகள் அனைவரும் இந்த மூன்றையும் ஒரு காப்பித் தோட்டத்தோடு சேர்த்து ஒரே நாளில் காட்டுவார்கள். அம்மாவோடு செல்வதால் நீங்கள் காரையே அமர்த்திக்கொள்ளுங்கள். மலைப்பாதை வளைந்து இறங்குவதால் ஒரு மணி நேரம் ஆகும். அருவிக்கு இறங்கும் படிகள் ஈரமும் வழுக்கலுமாக இருக்கும் என்பதால் அதை அவர் தவிர்ப்பதே நல்லது.

நான் சென்றபோது முதலில் என்னை எதிர்கொண்டது மணம்தான். அதை மணம் என்று சொல்வது மரியாதைக்காக. வெந்த கூட்டுப்புழுவின் வாடை கொட்டகை முழுவதும் நிறைந்திருக்கும். பத்து நிமிடத்தில் மூக்கு பழகிவிடும், ஆனால் உடுத்திய துணி மாலை வரை மறக்காது. உள்ளே வெந்நீர்த் தொட்டிகள் வரிசையாக இருக்கும்; ஒவ்வொன்றின் முன்னும் ஒரு பெண் அமர்ந்திருப்பார். கூட்டின் இழைகளை ஒட்டிப் பிடித்திருக்கும் செரிசின் என்ற கோந்து வெந்நீரில் இளகியதும், சிறு துடைப்பம் போன்ற ஒன்றால் கூடுகளைத் தடவி இழையின் நுனியைத் தேடி எடுக்கிறார்கள். ஒரு கூட்டின் இழை மட்டும் எதற்கும் பயன்படாத அளவுக்கு மெல்லியது. எனவே ஏழெட்டுக் கூடுகளின் நுனிகளைச் சேர்த்து ஒரு சிறு பீங்கான் துளை வழியே மேலே ஏற்றி, ஒன்றோடொன்று உரசிப் பிணையும்படி சுற்றவிட்டு, மேலே சுழலும் சட்டத்தில் ஒரே நூலாகச் சுற்றுகிறார்கள். தொட்டியில் ஒரு கூடு தீர்ந்து மூழ்கியதும் அந்த இடத்தில் வேறொரு கூட்டின் நுனியைச் சுண்டிச் சேர்த்துவிட வேண்டும். இல்லையென்றால் நூல் அந்த இடத்தில் இளைத்துவிடும். சட்டம் நிற்பதில்லை, அந்தப் பெண்களின் விரல்களும் நிற்பதில்லை. நான் அரை மணி நேரம் ஒரே தொட்டியின் அருகில் நின்றேன். எந்த நொடியில் நுனியைப் பிடித்தார், எப்போது சேர்த்தார் என்பது ஒருமுறைகூட என் கண்ணுக்குப் பிடிபடவில்லை. நாள் முழுதும் நீரில் ஊறி விரல் நுனிகள் வெளுத்துச் சுருங்கியிருந்தன.

இனத்தைப் பொறுத்து ஒரு கூட்டிலிருந்து 600 முதல் 1,200 மீட்டர் வரை இழை வரும். ஒரு கிலோ கச்சாப் பட்டுக்கு ஆறேழு கிலோ பச்சைக் கூடு வேண்டும். மகளிடம் இந்தக் கணக்கைப் போடச் சொல்லுங்கள். சுற்றுலாவில் பிள்ளைகளுக்குப் பொழுது போக வேண்டுமே.

அதே வளாகத்தில் மின்சாரத்தில் ஓடும், பூ உருவங்களை நெய்யும் ஜக்கார்டு தறிகளும் உண்டு. கைத்தறியை எதிர்பார்த்துச் செல்லாதீர்கள். கடையும் உண்டு, ஆனால் யாரும் கையைப் பிடித்து இழுக்கவில்லை.

நேரம் பற்றி ஒரு முக்கியமான செய்தி. ஜனவரி இறுதியிலோ பிப்ரவரியிலோ வரும் தெத் என்ற சந்திரப் புத்தாண்டுக்கு நாடு முழுவதும் தொழில்கூடங்கள் மூடிவிடும். பண்டிகைக்குச் சில நாள் முன்பே தொழிலாளர்கள் ஊருக்குப் புறப்பட்டுவிடுவார்கள். நீங்கள் செல்லும் ஆண்டில் தெத் எந்த நாளில் வருகிறது என்று பார்த்துக்கொண்டு பயணச்சீட்டு எடுங்கள். இன்னொன்று, வடக்கே குளிர்காலத்தில் மல்பெரி இலை கிடைக்காது. ஹனோய்ப் பக்கத்தில் ஜனவரியில் புழுவைக் காண முடியாது. லாம் டோங்கில் ஆண்டு முழுவதும் புழு வளர்க்கிறார்கள். இந்தக் காரணத்துக்காகவும் உங்களுக்கு டா லாட்தான்.


தறிக்குழி எழுதியது:

வழிப்போக்கன் சொன்னதில் பெரும்பகுதி சரி. ஆனால் வான் ஃபுக்கை அவர் ஒரே வரியில் தள்ளிவிட்டதை என்னால் ஏற்க முடியவில்லை. நான் நெசவுக் குடும்பத்தைச் சேர்ந்தவன் என்பதால் என் பார்வையில் கொஞ்சம் சாய்வு இருக்கலாம்.

தார் சுற்றிய கைக்கு ஒரு தறிச் சத்தமாவது கேட்க வேண்டாமா? ஹனோயின் மையத்திலிருந்து தென்மேற்கே ஏறக்குறைய 10 கிலோமீட்டரில், ஞுவே ஆற்றின் கரையில் இருக்கிறது வான் ஃபுக். 2021 நவம்பரில் திறக்கப்பட்ட காட் லின் – ஹா டோங் மெட்ரோவில் ஏறி ஹா டோங் நிலையத்தில் இறங்கினால் அங்கிருந்து வாடகைக் காரில் சில நிமிடங்கள்தாம். அந்த மெட்ரோ முழுவதும் மேம்பாலத்தின் மீதே ஓடுவதால் மகளுக்கும் பிடிக்கும். முகப்புத் தெருவில் வண்ணக் குடைகளைத் தலைக்கு மேலே தொங்கவிட்டிருப்பார்கள். எல்லாரும் அங்கே நின்று படம் எடுத்துக்கொண்டு, இரண்டு கழுத்துத் துண்டுகளை வாங்கிக்கொண்டு, பட்டுக் கிராமத்தைப் பார்த்துவிட்டோம் என்று திரும்பிவிடுகிறார்கள். நீங்கள் குடைகளைக் கடந்து உட்தெருக்களுக்குள் செல்லுங்கள். எந்த வீட்டிலிருந்து தடதடவென்று ஓசை வருகிறதோ அந்த வாசலில் நின்று தலையசைத்தால் போதும், பெரும்பாலும் உள்ளே அழைப்பார்கள். மொழி தேவைப்படவில்லை. தறியில் நீளவாக்கில் ஓடும் பாவில் அறுந்த ஓர் இழையை நான் சுட்டிக் காட்டியதும் அந்த வீட்டுப் பெரியவர் சிரித்துவிட்டார். அதன் பிறகு தேநீர் வந்தது.

அந்த ஊரின் பெருமை ‘லுவா வான்’ என்ற துணி. வான் என்பதற்கு மேகம் என்று பொருள் கொள்கிறார்கள். சரிகையோ வேற்று நிற நூலோ இல்லாமல், நெசவின் அடர்த்தியை மாற்றியே பூவும் மேகமும் எழுதப்பட்டிருக்கும். மேசையில் விரித்தால் வெறும் துணி. வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால்தான் உரு எழும். புட்டாவையும் கோர்வையையும் பார்த்து வளர்ந்த நம் கண்ணுக்கு இது முதலில் வெறுமையாகத் தோன்றும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. அறையின் ஜன்னலில் பிடித்துப் பார்த்த பிறகே இதை நெய்ய எவ்வளவு கணக்கு வேண்டும் என்பது உறைத்தது. தறிகள் மின்சாரத்தில் ஓடுபவைதாம், ஆனால் தலைமேல் துளையிட்ட அட்டைகள் மாலை மாலையாகத் தொங்க ஜக்கார்டு பெட்டி இயங்குவதை இன்னும் சில வீடுகளில் காணலாம். அம்மாவுக்கு விளக்கம் தேவைப்படாது. அவர்தான் உங்களுக்கு விளக்குவார்.

ஒரு முழு நாள் வேண்டாம். ஹனோயில் இருக்கும்போது வார நாளில் ஒரு முற்பகல் போதும். வார இறுதியில் உள்ளூர்க் கூட்டமே தெருவை நிறைத்துவிடும்.

ஹோ சி மின் நகரத்திலிருந்து மேக்கோங் கழிமுகப் பக்கம் செல்லும் எண்ணம் இருந்தால், ஆன் ஜாங் மாகாணத்துத் தான் சாவ் என்ற ஊரில் ‘லான் மீ ஆ’ என்ற கறுப்புப் பட்டு உண்டு. கருங்காலி இனத்தைச் சேர்ந்த ஒரு மரத்தின் காயை அரைத்துப் பிழிந்த சாற்றில் தோய்ப்பதும் வெயிலில் உலர்த்துவதுமாகப் பல வாரங்கள் திரும்பத் திரும்பச் செய்து அந்தக் கறுப்பை ஏற்றுகிறார்கள். ஆனால் தொலைவு அதிகம், மூதாட்டியோடு வேண்டாம். என் ஆசைக்காகச் சொல்லி வைத்தேன்.


உப்புக்காற்று எழுதியது:

ஹோய் ஆனுக்காகப் பேச ஒருவரும் இல்லை போலிருக்கிறது. அங்குள்ள பட்டுக் கிராமம் பயணிகளுக்காகவே அமைக்கப்பட்ட ஓர் அருங்காட்சியகத் தோட்டம் என்பது உண்மைதான், அதை மறைக்கவில்லை. நுழைவுக் கட்டணம் உண்டு, வழிகாட்டி ஒருவர் உடன் வருவார், கடைசி வாசல் கடைக்குள்தான் திறக்கும். ஆனாலும் மல்பெரிச் செடியில் தொடங்கி, தட்டில் இலை தின்னும் புழு, மூங்கில் சட்டத்தில் கூடு, கையால் சுற்றும் ராட்டை, காலால் மிதிக்கும் தறி என்று முழு வரிசையையும் இரண்டு மணி நேரத்தில் ஒரே நிழலில், அதிகம் நடக்காமல் காணக் கிடைப்பது மூன்றில் இங்கே மட்டும்தான். 11 வயதுக் குழந்தைக்கு இயந்திரங்கள் ஓடும் கொட்டகையைவிட இது நன்றாகப் புரியும். என் மகன் புழுக்கள் தின்னும் ஓசையைக் கேட்டு மழை பெய்கிறதா என்று கேட்டான்; ஓலைக் கூரையில் தூறல் விழுவது போலவே இருந்தது. ‘கடைசிப் பருவத்துப் பட்டுப்புழுவைப் போலத் தின்கிறான்’ என்று பெருந்தீனிக்காரரைச் சொல்லும் வழக்கு அவர்கள் மொழியில் உண்டு என்று வழிகாட்டி அப்போது சொன்னார். நான்கு முறை தோலுரித்து ஐந்தாம் பருவத்துக்கு வந்த புழு இரவு பகலாகத் தின்னும்; வளர்ப்பவர்களுக்கும் உறக்கம் இருக்காது. அதனால்தான் ‘வயலில் உழைப்பவன் படுத்துக்கொண்டு சோறு தின்பான், புழு வளர்ப்பவன் நின்றுகொண்டு தின்பான்’ என்று ஒரு பழமொழி.

மேலும், ஹோய் ஆனைப் பட்டோடு சேர்த்துப் பேசுவது வெறும் விளம்பரம் அல்ல. 17ஆம் நூற்றாண்டில் சீன, ஜப்பானிய வணிகர்கள் அந்தத் துறைமுகத்தில் வந்து வாங்கியவற்றுள் பட்டும் ஒன்று. து போன் ஆற்றின் மேற்புறத்தில் உள்ள துய் சுயென் பகுதிதான் அதன் ஊற்று. மா சாவ் என்ற நெசவூர் இன்றும் அங்கே இருக்கிறது. அந்த மண்ணில் மல்பெரி வளர்த்த குடும்பத்துப் பெண் ஒருத்தி, நுயென் மரபினரின் ஆட்சியில் இளவரசரின் மனைவியாகி, பட்டுத் தொழிலை ஆதரித்ததால் ‘மல்பெரிக்கும் புழுவுக்கும் தலைவி’ என்று மக்களால் போற்றப்பட்டாள். டோவான் குய் ஃபி என்ற பெயரில் இன்றும் நினைக்கப்படுகிறாள். மீ சோன் என்ற இடத்துப் பழைய சம்பா அரசின் கோயில்களும் அதே துய் சுயென் பகுதியில்தான் இருப்பதால், கோயிலுக்குச் செல்லும் நாளில் மா சாவில் ஒரு மணி நேரம் நிற்கலாம். முன்கூட்டியே கேட்டுவிட்டுச் செல்வது நல்லது. தறிகள் ஓடாத நாளில் சென்று பூட்டிய கதவைப் பார்த்தவன் நான்.

வாசனைத் தைலம், கொசு விரட்டும் களிம்பு ஆகியவற்றைப் பூசிக்கொண்டு புழுக்கள் இருக்கும் அறைக்குள் செல்லாதீர்கள். கொசுவைக் கொல்வது புழுவையும் கொல்லும். வாசலில் யாரும் இதைச் சொல்வதில்லை.


வழிப்போக்கன் எழுதியது:

உப்புக்காற்று அவர்களுக்கு: ராட்டை சுற்றிக் காட்டுபவர் அன்று மாலைக்குள் எத்தனை சிட்டம் முடிக்க வேண்டும் என்ற கவலை இல்லாதவர். எனக்கு அந்த வேறுபாடு பெரிது. குழந்தைக்கு நன்று என்பதை ஒப்புக்கொள்கிறேன்.


மல்லிகைப்பந்தல் எழுதியது:

மூவருக்கும் நன்றி. ஏறக்குறைய முடிவு செய்துவிட்டேன்: டா லாட்டில் முழு நாள், ஹனோயில் ஒரு முற்பகல். ஹோய் ஆனில் மழை பெய்தால் அந்தத் தோட்டத்தைப் பார்க்கலாம். இரண்டு ஐயங்கள் மட்டும் மீதமிருக்கின்றன. அந்தக் கூட்டுப்புழு விஷயத்தை அம்மாவிடம் எப்படிச் சொல்வது? வாங்கும்போது அசல் பட்டுதானா என்று எப்படித் தெரிந்துகொள்வது?


சைவக்குருவி எழுதியது:

நானும் சைவம் என்பதால் முதல் கேள்விக்கு நான் சொல்கிறேன். நெசவுக் குடும்பத்தில் பிறந்த உங்கள் அம்மாவுக்குப் பட்டு எப்படி வருகிறது என்று தெரியாமலா இருக்கும்? தெரிந்ததைப் பார்ப்பது வேறு என்கிறீர்கள், அதுவும் சரி. முந்தின நாளே சொல்லிவிடுங்கள். தொட்டியருகே நின்றுகொண்டு சொல்லாதீர்கள். அந்துப்பூச்சி கூட்டைத் துளைத்து வெளியே வந்தால் நெடிய இழை துண்டு துண்டாகிவிடும் என்பதால் அதற்கு முன்பே வேகவைக்கிறார்கள். மிஞ்சும் கூட்டுப்புழு அங்கே வீணாவதில்லை. எலுமிச்சை இலை சேர்த்து வறுத்து உண்பது வடக்கே வழக்கமான சமையல். நூற்பாலைகளில் பயணிகளிடம் ஒன்றைச் சுவைத்துப் பார்க்கும்படி நீட்டுவார்கள். விளையாட்டாகச் செய்வதுதான், சிரித்துக்கொண்டே கையை நெஞ்சில் வைத்து மறுத்தால் வற்புறுத்தமாட்டார்கள். ‘ஆன் சாய்’ என்று சொன்னால் சைவம் உண்பவர் என்பது புரிந்துவிடும். பௌத்தர்கள் பலர் மாதத்தில் சில நாள் சைவம் உண்பதால் அந்தச் சொல்லுக்கு அங்கே மதிப்பு உண்டு.

வேகவைப்பதைக் காணவே வேண்டாம் என்றால், ஹனோய்க்குத் தெற்கே மீ டுக் பகுதியில் ஃபுங் ஸா என்ற ஊரில் ஃபான் தி துவான் என்ற மூத்த கைவினைஞர் செய்துவரும் இரண்டு வேலைகள் இருக்கின்றன. ஒன்று, தாமரைத் தண்டை ஒடித்து இழுத்தால் வரும் சிலந்தி நூல் போன்ற இழையை முறுக்கி நெய்வது. ஒரு கழுத்துத் துண்டுக்கு ஆயிரக்கணக்கான தண்டுகள் வேண்டும், விலையும் அதற்கேற்ப. இன்னொன்று, புழுக்களைத் தட்டையான பரப்பில் விட்டு, கூடு கட்ட மூலை கிடைக்காமல் அவையே குறுக்கும் நெடுக்குமாக ஊர்ந்து போர்வையாக இழை பரப்பும்படி செய்வது. புழுக்களையே தன் நெசவாளிகள் என்று அவர் சொல்வதுண்டு. கொல்லாத பட்டு என்று இதற்கு நான் சான்றிதழ் தரமாட்டேன். கூட்டோடு வேகும் காட்சி இல்லை, அவ்வளவுதான். ஆனால் ஜனவரியில் தாமரையும் இருக்காது, புழுவும் இருக்காது. கோடையில் போகிறவர்களுக்காக எழுதி வைத்தேன்.

அசலா என்று அறிய முதலில் சொல்லைக் கவனியுங்கள். ‘லுவா’ என்றால் மழமழப்பான துணி என்ற அளவில்தான் கடைத்தெருவில் பொருள், பாலியஸ்டரும் லுவாதான். ‘தோ தாம்’ என்றால்தான் புழுவின் இழை. அது எத்தனை விழுக்காடு என்று கேளுங்கள். குறுக்கே ஓடும் ஊடையில் விஸ்கோஸ் என்ற செயற்கை இழை கலந்ததை நேர்மையான கடைக்காரர் தானே சொல்லிவிடுவார். ஓரத்திலிருந்து ஓர் இழையை உருவி எரித்தால் முடி கருகிய வாடை வந்து, சாம்பல் விரலில் பொடியாக வேண்டும். உருகி மணிபோல் இறுகினால் அது பாலியஸ்டர். பாவிலும் ஊடையிலும் ஒவ்வொன்று எடுத்துப் பாருங்கள், ஒன்றை மட்டும் பார்த்து ஏமாந்தவர்கள் உண்டு. சீட்டை நம்பிப் பயனில்லை. 2017இல் அந்நாட்டின் பெயர்பெற்ற பட்டுக் கடைத் தொடர் ஒன்று சீனத் துணியை வியட்நாம் பட்டென்று விற்றது வெளிப்பட்டதே ஒரே துண்டில் இரண்டு நாட்டுச் சீட்டுகளும் இருந்ததால்தான்.


மல்லிகைப்பந்தல் எழுதியது:

இரண்டு மாதம் கழித்து எழுதுவதற்கு மன்னிக்கவும். சென்று வந்துவிட்டோம்.

நாம் பானுக்கு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மணி பதினொன்றே முக்கால். தொழிலாளர்கள் சாப்பாட்டுக்கு எழுந்துகொண்டிருந்தார்கள்; ஒன்றரை மணி வரை தொட்டிகள் நின்றுவிடும் என்று ஓட்டுநர் அப்போதுதான் சொன்னார். காலையில் விகாரையில் நேரத்தைக் கழித்தது என் தவறு. இனி செல்பவர்கள் ஒன்பது மணிக்கே அங்கே இருங்கள். அம்மா ஒரு நாற்காலியைக் கேட்டு வாங்கி, அணைந்த தொட்டியின் அருகிலேயே அமர்ந்துவிட்டார். வாடை அவரை ஒன்றும் செய்யவில்லை, நானும் மகளும்தான் வெளியே ஓடினோம்.

வேலை மீண்டும் தொடங்கியதும் அவர் எழுந்து நின்றவர் ஒரு மணி நேரம் அசையவில்லை. புழுவைப் பற்றி நான் முந்தின இரவே சொல்லியிருந்தேன். தொட்டியில் மிதந்த கூட்டின் மேலுறை மெலிந்து உள்ளே கறுப்பாகப் புழு தெரியத் தொடங்கியபோது மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டார், பிறகு மறுபடியும் பார்த்தார். ஏதும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. ஓரிடத்தில் நூல் அறுந்து, அந்தப் பெண் இரு நுனிகளையும் முடிந்து வாயருகே கொண்டுபோய் மிச்சத்தைக் கடித்துத் துப்பினார். அம்மா என் கையைப் பிடித்து இழுத்து, “பார், எங்கள் அத்தையும் இப்படித்தான் கடிப்பார்” என்றார். அந்தப் பெண்ணுக்கு எது புரிந்ததோ, எழுந்து அம்மாவைத் தன் இடத்தில் உட்கார வைத்தார். அம்மா ஐந்தாறு முறை முயன்றும் ஒரு நுனிகூடச் சேரவில்லை. இருவரும் சிரித்த சிரிப்பை மகள் கைப்பேசியில் பதிவு செய்திருக்கிறாள்.

வான் ஃபுக்கில் தறிக்குழி சொன்னபடி குடைகளைக் கடந்து சென்றோம். இரண்டு வீடுகளில் உள்ளே அழைத்தார்கள், மூன்றாவது வீட்டில் கதவைச் சாத்தினார்கள். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து ஒரு மேகத் துணி வாங்கினோம். ஹோய் ஆனில் மழை பெய்தது, ஆனால் தையற்கடைகளிலேயே பொழுது போய்விட்டது.

ஒரு கேள்வி. நூற்பாலையில் அம்மா துண்டோ சேலையோ வாங்காமல், கச்சா நூலில் ஒரு சிட்டம் கேட்டு அடம்பிடித்து வாங்கி வந்திருக்கிறார். வெளிர் மஞ்சளும் வெள்ளையும் கலந்த நிறத்தில், தொட்டால் விறைப்பாக இருக்கிறது. வீட்டிலேயே சோப்பும் சோடாவும் போட்டுக் காய்ச்சி, அரக்கு நிறத்தில் சாயம் ஏற்றலாம் என்கிறார். செய்யலாமா?


தறிக்குழி எழுதியது:

வேண்டாம், தயவுசெய்து அடுப்பில் வைக்காதீர்கள். அந்த விறைப்பு செரிசின் கோந்தால் வருவது. எடையில் ஏறக்குறைய கால்பங்கு அதுதான். காய்ச்சினால் போய்விடும், நூலும் மென்மையாகும். ஆனால் சாயப்பட்டறைக்குப் போகும் நூல் முன்னதாகவே இரட்டித்து முறுக்கேற்றப்பட்டிருக்கும். உங்களிடம் இருப்பது தொட்டியிலிருந்து சட்டத்துக்கு ஏறிய, முறுக்கே இல்லாத நூல். கோந்து போனதும் அந்த ஏழெட்டு இழைகளும் தனித்தனியே பிரிந்து, சிட்டம் முழுவதும் அவிழ்க்க முடியாத சிக்கலாகிவிடும். அம்மாவிடம் ‘இது முறுக்காத நூல்’ என்று மட்டும் சொல்லுங்கள், அவருக்கே விளங்கும். சாயம் ஏற்றியே ஆக வேண்டும் என்றால் ஆரணியில் முறுக்கேற்றும் இடத்தில் முதலில் கொடுத்து வாங்குங்கள். ஒரு சிட்டத்துக்காக இயந்திரத்தை ஓட்டச் சம்மதிப்பார்களா என்பது நீங்கள் பேசும் விதத்தைப் பொறுத்தது. அதுவரை பாலித்தீன் உறையில் போடாமல், பழைய வெள்ளை வேட்டித் துணியில் சுற்றி, வெயில் படாமல் வையுங்கள்.